புகைபோக்கியின் அடியில் ஒரு கதவு

கேள்வி இதுதான். குன்னூரில் தாத்தா காலத்து ஓட்டு வீடு. ஹாலில் இருந்த கணப்பை, அதாவது சுவரோடு கட்டிய திறந்த நெருப்பிடத்தை, இரண்டு வருஷத்துக்கு முன் செங்கல் வைத்து அடைத்துவிட்டு, அதன் முன்னால் மூடிய இரும்பு விறகடுப்பு ஒன்றை வைத்திருக்கிறார்கள். அடுப்பின் குழாய் தரையிலிருந்து 5 அடி உயரத்தில் பழைய புகைபோக்கிக்குள் நுழைகிறது. இந்தக் குளிரில் புகை அறைக்குள் திரும்ப ஆரம்பித்துவிட்டது. சுத்தம் செய்ய ஓட்டின் மேல் ஏற வேண்டியிருக்கிறது. ஏறிச் செய்தாலும் விழுந்த கரி எங்கே போகிறது என்று தெரியவில்லை. கரியை அள்ளக் கீழே ஒரு கதவு வைக்கலாமா, எங்கே வைப்பது, எவ்வளவு பெரிதாக, நாமே செய்யலாமா?

வைக்கலாம். உங்கள் வீட்டில் வைத்தே ஆக வேண்டும். கணப்பு திறந்திருந்த காலத்தில் தனிக் கதவு தேவைப்படவில்லை. கணப்பின் வாய்தான் கதவு. மேலிருந்து துடைத்தால் கரி நேராகத் தட்டில் விழும், முறத்தில் அள்ளிக் கொட்டிவிடலாம். அதை அடைத்தபோது அந்தக் கதவையும் சேர்த்து அடைத்துவிட்டீர்கள். யாருடைய தவறும் இல்லை, அடுப்பு விற்பவர்களில் பெரும்பாலோர் இதைச் சொல்வதில்லை. இதே நிலைமையை நீலகிரியில் நான் பழுது பார்த்த பல வீடுகளில் கண்டிருக்கிறேன்.

கணப்பு இன்னும் திறந்தே இருக்கிற வீட்டுக்காரர் யாராவது இதைப் படித்தால், உங்களுக்கு இந்த வேலை வேண்டாம். நல்ல சுவரில் காரணமில்லாமல் ஓட்டை போடாதீர்கள்.

சரி, கரி எங்கே போகிறது? பழைய கணப்புகளின் வாய்க்கு மேலே புகைவழி சட்டென்று குறுகும். அதைத் தொண்டை என்று வைத்துக்கொள்ளுங்கள். தொண்டைக்குப் பின்னால், உள்ளே, ஒரு திட்டு இருக்கும். மேலிருந்து இறங்கும் குளிர்காற்று நேராக அறைக்குள் பாயாமல் அதில் மோதித் திரும்பும். திட்டு பெரும்பாலும் தரையிலிருந்து 3 அடி, 3½ அடி உயரத்தில் இருக்கும். நீங்கள் மேலிருந்து தள்ளிய கரியில் பெரும்பகுதி இந்தத் திட்டில்தான் உட்கார்ந்திருக்கிறது. அதோடு உதிர்ந்த காரை, சுள்ளி, மைனா கட்டிய கூடு. குவியல் வளர்ந்து 5 அடியில் இருக்கும் குழாய் வாயைத் தொட்டதும் புகைக்குப் போக வழியில்லாமல் அறைக்குள் வருகிறது. கண் எரிச்சலோடு போகிற விஷயமும் இல்லை இது. புகையோடு வரும் கார்பன் மோனாக்சைடுக்கு நிறமும் கிடையாது, வாசனையும் கிடையாது. கதவு வைத்து முடிக்கும் வரை அந்த அடுப்பைப் பற்றவைக்காதீர்கள். கார்பன் மோனாக்சைடு அலாரம் ஒன்றும் வாங்கி மாட்டிவிடுங்கள்.

இது என் ஊகம்தான், உறுதி செய்ய ஒரு எளிய வழி இருக்கிறது. அடுப்பு நன்றாக ஆறிய பிறகு குழாயைச் சுவரிலிருந்து கழற்றுங்கள். ஃபோனில் டார்ச்சைப் போட்டு, வீடியோவை ஓடவிட்டு, கையை உள்ளே நீட்டிக் கீழே பார்த்து எடுங்கள். அப்புறம் மேலே திருப்பியும் எடுங்கள். கீழே குவியல் எவ்வளவு உயரம், திட்டு இருக்கிறதா இல்லையா, சுவரில் என்ன படிந்திருக்கிறது, மேலே வழி நேராகப் போகிறதா வளைகிறதா, எல்லாம் ஐந்து நிமிடத்தில் தெரிந்துவிடும். ஃபோனைக் கையில் கட்டிக்கொள்வது நல்லது. என் பழைய ஃபோன் ஒன்று இன்னும் ஒரு புகைபோக்கிக்குள் இருக்கிறது.

சுவரில் என்ன படிந்திருக்கிறது என்பதைக் கவனித்துப் பாருங்கள். விரலில் ஒட்டும் கறுப்புத் தூள் என்றால் சாதாரணக் கரி, பிரஷ்ஷுக்கு வந்துவிடும். மொறமொறப்பான செதில் என்றால் கொஞ்சம் உழைக்க வேண்டும். கண்ணாடி மாதிரி பளபளவென்று ஓடியிருந்தால் அது தார். விறகிலிருந்து ஆவியான பிசின் குளிர்ந்த சுவரில் உறைந்தது. பிரஷ் போட்டால் அதன் மேல் வழுக்கிக்கொண்டு போகும். இது தீப்பிடித்தால் புகைபோக்கிக்குள் வெப்பம் 1000 டிகிரியைத் தாண்டும், பழைய செங்கல் வெடித்து, பக்கத்தில் இருக்கும் உத்தரத்துக்குத் தீ தாவும். தார் இருந்தால் கதவைப் பற்றி யோசிப்பதற்கு முன் அதை எடுக்க ஆள் பாருங்கள். பெரிய நெருப்பு போட்டு எரித்துவிடலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள்.

நம் மலையில் தார் வருவதற்குக் காரணம் பெரும்பாலும் விறகுதான். கற்பூர மரமும் (யூகலிப்டஸ்) சீகையும் (வாட்டில்) நன்றாகக் காய்ந்தால் அருமையான விறகு. ஆனால் மழைக்காலத்தில் தார்ப்பாய்க்கு அடியில் வேர்த்துக்கொண்டு கிடந்த கட்டையை எடுத்துப் போட்டு, ராத்திரி முழுக்க கனியட்டும் என்று காற்றையும் குறைத்துவிட்டால், அது எரிவதைவிடப் புகைவதுதான் அதிகம். விறகில் ஈரம் 20 சதவீதத்துக்குக் கீழே இருக்க வேண்டும். பிளந்து, காற்றோட்டமாக அடுக்கி, மேலே மட்டும் மூடி, ஒரு கோடையாவது கடத்த வேண்டும்.

இனி கதவுக்கு வருவோம். எங்கே வைப்பது என்பதில்தான் முக்கால்வாசி வேலை இருக்கிறது.

முதலில் தோன்றும் இடம், நீங்கள் புதிதாகக் கட்டிய அடைப்புச் சுவர். அது பாரம் தாங்காத சுவர், உடைக்க எளிது. ஆனால் அதற்கு முன்னால்தான் அடுப்பு நிற்கிறது. ஒவ்வொரு தடவையும் அடுப்பை நகர்த்த முடியாது. தவிர, அந்தச் சுவரின் பின்னால் இருப்பது பழைய கணப்பின் குழி. கரி விழுவது அதற்கு மேலே உள்ள திட்டில். அங்கே கதவு வைத்தால் காலி அறைக்குக் கதவு வைத்த மாதிரி.

என் யோசனை, புகைபோக்கியின் பின்பக்கம், அதாவது வீட்டுக்கு வெளியே. குன்னூர், கோத்தகிரிப் பக்கத்துப் பழைய வீடுகளில் புகைபோக்கி பெரும்பாலும் வெளிச்சுவரை ஒட்டியே ஏறும். வெளியே கதவு இருந்தால் கரியை வீட்டுக்குள் கொண்டுவர வேண்டாம், கம்பளமும் பிழைக்கும். இரண்டு விஷயம் மட்டும் பாருங்கள். ஒன்று மழை. ஊட்டி, கூடலூர்ப் பக்கம் தென்மேற்குப் பருவமழை வெளுத்து வாங்கும். குன்னூருக்கு வடகிழக்குப் பருவமழைதான் பெரிது. உங்கள் சுவர் எந்தப் பக்கம் பார்க்கிறது என்று பார்த்து, கூரைச் சார்பு மறைக்காத இடமென்றால் கதவுக்கு மேல் ஒரு சின்னத் தகரச் சரிவு வையுங்கள். இன்னொன்று, அந்தச் சுவரோரம் விறகு அடுக்கும் பழக்கம். கதவைச் சுற்றி 18 அங்குலத்துக்குள் மரமோ விறகோ எதுவும் இருக்கக் கூடாது என்று வைத்துக்கொள்ளுங்கள். கதவு மறையும்படி விறகு அடுக்கி வைத்திருந்த வீட்டை நானே பார்த்திருக்கிறேன்.

உயரம். கதவின் மேல்விளிம்பு குழாய் நுழையும் துளைக்குக் கீழே இருக்க வேண்டும். அமெரிக்கக் கட்டட விதிகளில் குறைந்தது 6 அங்குலம் கீழே என்றும், கதவு புகைவழியின் அடியிலிருந்து 6 அங்குலத்துக்குள் இருக்க வேண்டும் என்றும் இருக்கிறது. நம் ஊரில் வீட்டுப் புகைபோக்கிக்கு அப்படிப் பார்த்து யாரும் கட்டுவதில்லை, ஆனால் அளவு நியாயமானது. நான் 6 அங்குலத்தோடு நிறுத்தாமல் ஓர் அடி விடுவேன். குழாய்க்குக் கீழே எவ்வளவு இடம் இருக்கிறதோ அவ்வளவு காலம் கரி தொந்தரவில்லாமல் சேரும். உங்கள் திட்டு 3 அடியில் இருந்தால், கதவின் அடிவிளிம்பைத் திட்டின் மட்டத்துக்கே வையுங்கள். 9 அங்குல உயரக் கதவு என்றால் மேல்விளிம்பு 3 அடி 9 அங்குலத்தில் முடியும். குழாய்க்கும் அதற்கும் நடுவே ஓர் அடிக்கு மேல் கிடைக்கிறது. அடிவிளிம்பு திட்டைவிட 4 அங்குலம் உயர்ந்துவிட்டால் அந்த 4 அங்குலக் கரி அங்கேயே குடியிருக்கும், ஈரம் குடித்துச் சுவரில் கறை இறக்கும்.

திட்டு இல்லாத வீடுகளும் உண்டு, கரி நேராகப் பழைய குழிக்குள் விழும். அப்படியென்றால் கதவைத் தரையை ஒட்டி வைக்கலாம். குழி பெரியதாக இருப்பதால் அது மாடி வீட்டுத் தொட்டி மாதிரி நிறையவே தாங்கும். திட்டு இருக்கிற வீட்டில் தொண்டையை ஓர் இரும்புத் தகடோ கடப்பைக்கல் துண்டோ வைத்துச் சுண்ணாம்புக் கலவையால் மூடிவிடுங்கள். இல்லாவிட்டால் கொஞ்சம் கரி குழிக்குள்ளும் இறங்கும், குழியில் இருக்கும் குளிர்காற்றும் மேலே ஏறும்.

ஓட்டை போடுவதற்கு முன் இன்னொரு சோதனை. ஒரே புகைபோக்கிக்குள் இரண்டு வழிகள் இருக்கலாம். ஹாலுக்கு ஒன்று, பின்னால் உள்ள படுக்கையறைக்கு ஒன்று, நடுவே அரைச் செங்கல் சுவர். வெளியிலிருந்து பார்த்தால் ஒன்றாகத்தான் தெரியும். கூரைக்கு மேல் இரண்டு பானை மாதிரி வாய்கள் இருந்தால் சந்தேகப்படுங்கள். மேலிருந்து நூலில் ஒரு போல்ட்டைக் கட்டி இறக்கினால் எந்த வழி எங்கே வருகிறது என்று தெரிந்துவிடும். தவறான வழியில் கதவு வைத்தவர்கள் உண்டு. நடுச்சுவரை இடித்துவிட்டால் இன்னும் மோசம், ஹாலில் பற்றவைத்தால் படுக்கையறையில் புகை வரும்.

வழி வளைந்து போகிறது என்றால் வளைவின் மேலும் கரி தங்கும். ஓட்டுக்கும் மச்சுக்கும் நடுவே வளைவு இருந்தால் அங்கே இரண்டாவது கதவு வைக்கச் சொல்வார்கள். சுற்றிலும் மரச்சட்டமும் எலி இழுத்துவந்த துணியும் இருக்கிற இடம் அது. தவிர்க்க முடிந்தால் தவிருங்கள். வளையும் தண்டுகளோடு பிரஷ் கிடைக்கிறது, 45 டிகிரி வரையான வளைவில் அது நுழைந்து போகும்.

இந்தக் கதவுக்கு ஒரு பழைய கதை இருக்கிறது. நேராக நம் வேலைக்கு உதவாது, ஆனால் இதை நினைக்காமல் என்னால் புகைபோக்கியைத் திறக்க முடிவதில்லை. இங்கிலாந்தில் புகைபோக்கிகளைச் சுத்தம் செய்தது பிரஷ் இல்லை, சிறுவர்கள். உடம்பை ஒடுக்கிக்கொண்டு உள்ளே ஏறிச் சுரண்டிக்கொண்டு வருவார்கள். கரிக்கும் புற்றுநோய்க்கும் தொடர்பு இருப்பதை 1775-ல் லண்டன் அறுவை மருத்துவர் பெர்சிவல் பாட் எழுதியதே இவர்களைப் பார்த்துத்தான். 1840-ல் வந்த சட்டம் 21 வயதுக்குக் கீழே யாரையும் உள்ளே ஏற்றக் கூடாது என்றது. கூர்மையான திருப்பங்களோடு புகைவழி கட்டினால், 6 அங்குலச் சதுரத்துக்குக் குறையாத கதவுகளை வைக்க வேண்டும் என்றும் சொன்னது. சிறுவன் ஏறாமலே பிரஷ்ஷால் துடைக்க முடிய வேண்டும் என்பதுதான் நோக்கம். சட்டத்தை யாரும் மதிக்கவில்லை. 1875-ல் கேம்பிரிட்ஜ் அருகே ஃபுல்போர்ன் மனநல மருத்துவமனையின் புகைபோக்கியில் ஜார்ஜ் ப்ரூஸ்டர் என்ற சிறுவன் சிக்கி இறந்த பிறகுதான், அதே வருஷம் இன்னொரு சட்டம் வந்து பழக்கம் ஓய்ந்தது. ஜான் சல்லிவன் ஊட்டியில் கல்வீடு கட்டத் தொடங்கியது 1822-ல். நம் மலையில் முதல் பங்களாக்கள் எழும்பிய காலமும் அந்தப் பையன்கள் ஏறிக்கொண்டிருந்த காலமும் ஒன்றுதான்.

அளவு. கதவு புகைவழியைவிட அகலமாக இருக்கக் கூடாது, பிரஷ்ஷும் கையும் நுழையாதபடி சின்னதாகவும் இருக்கக் கூடாது. பழைய புகைவழிகள் 9க்கு 9 அல்லது 14க்கு 9 அங்குலம் இருக்கும். செங்கல்லின் கணக்கையே பின்பற்றுங்கள். ஒரு செங்கல்லின் நீளம் 9 அங்குலம், மூன்று வரிசை எடுத்தால் உயரம் காரையோடு சேர்த்து 9, 10 அங்குலம். அதாவது செங்கல்லை வெட்டாமல் இணைப்பு வழியாகவே பிரித்தெடுத்தால் ஏறத்தாழ சதுரமான ஓட்டை கிடைக்கும். பழைய செங்கல் அளவு வீட்டுக்கு வீடு மாறும், அதனால் முதலில் ஓட்டையை எடுத்து, அளந்து, அப்புறம் சட்டத்தைச் செய்யச் சொல்லுங்கள். கதவை முதலில் வாங்கிவிட்டுச் சுவரை அதற்கு ஏற்ப வெட்டுவது தலைகீழ் வேலை.

வெளிநாடுகளில் இதற்கென்றே வார்ப்பிரும்புக் கதவுகள் கடையில் கிடைக்கும். இங்கே வெல்டிங் பட்டறையில் செய்துகொள்வதுதான் எளிது. 5 மில்லிமீட்டர் இரும்புத் தகட்டில் கதவு, ஆங்கிளில் (எல் வடிவ இரும்பில்) சட்டம், சுவரில் பதிக்க நாலு பக்கமும் கிளாம்பு. கொண்டிக்குப் பதிலாகக் கைத்திருகு நட்டு நாலு போடச் சொல்லுங்கள். கொண்டி ஒரு மூலையை மட்டும் இழுத்துப் பிடிக்கும், நட்டுகள் நாலு மூலையையும் சமமாக அழுத்தும். கதவுக்கும் சட்டத்துக்கும் நடுவே 10 மில்லிமீட்டர் கண்ணாடிநார்க் கயிறு. விறகடுப்புக் கதவுக்குப் போடுகிற அதே கயிறுதான். பழைய ஆள் யாராவது ஆஸ்பெஸ்டாஸ் கயிறு வைத்திருந்தால் நன்றி சொல்லிவிட்டு வேண்டாம் என்று சொல்லுங்கள். சிவப்பு சிலிக்கான் பசையும் வேண்டாம், 300 டிகிரிக்கு மேல் அதை நம்ப முடியாது. அலுமினியம் 660 டிகிரியில் உருகும். துத்தநாகம் பூசிய தகடும் கூடாது, அந்தப் பூச்சு 420 டிகிரியிலேயே உருகிவிடும். சாதாரண நாளில் கதவு இருக்கும் இடம் கைசுடும் அளவுக்குத்தான் இருக்கும். நாம் கணக்குப் போடுவது மேலே தீப்பிடித்து எரியும் கரி கீழே விழுகிற நாளுக்காக.

அந்த நாளுக்காகவே இன்னொரு தடுப்பும் உண்டு. சட்டத்தை வெளிச்சுவர் மட்டத்தில் பதித்துவிட்டு, அதற்கும் புகைவழிக்கும் நடுவே உள்ள சுவர்த் தடிமனில் செங்கற்களைக் காரை இல்லாமல் அடுக்கி வைப்பது. சுத்தம் செய்யும்போது கையால் எடுத்து வைக்கலாம். தகட்டுக்கும் கரிக்கும் நடுவே 4 அங்குலச் செங்கல் நிற்கிறது. செலவே இல்லாத காப்பு.

இனி வேலை. தொடங்குவதற்கு முன் அடுப்பு மூட்டி இரண்டு நாளாவது ஆகியிருக்க வேண்டும். முதலில் மேலிருந்து ஒரு முறை துடைத்துவிட்டு அரைமணி நேரம் கரி அடங்க விடுங்கள். ஹாலில் குழாய்த் துளையை ஈரத்துணியால் அடையுங்கள், இல்லாவிட்டால் உளி விழும் முதல் அடியிலேயே வீடு முழுக்கக் கறுப்பாகிவிடும். வேலை செய்பவருக்கு என்-95 முகமூடியும் கையுறையும் கட்டாயம். துண்டை மூக்கில் கட்டிக்கொள்வது போதாது.

டிமாலிஷன் மெஷினைக் கொண்டுவந்தால் திருப்பி அனுப்புங்கள். நூறு வருஷத்துச் சுண்ணாம்புக் காரை மிருதுவானது, அதிர்ச்சி கொடுத்தால் மேலே இருபது அடி உயரத்தில் இணைப்புகள் கலகலத்துவிடும். கிரைண்டரில் இணைப்பை மட்டும் கீறி, உளியால் நடுச் செங்கல்லை முதலில் எடுத்து, அதிலிருந்து இரண்டு பக்கமும் விரித்துப் போவதுதான் முறை. முதல் செங்கல் வெளியே வரும்போது கரி ஆறு மாதிரி ஓடி வரும். கீழே பழைய சாக்கை விரித்து வையுங்கள், கூடவே ஒரு தகர வாளியும்.

9 அங்குல ஓட்டைக்கு மேலே செங்கல் தானாகவே வளைவு போல் தாங்கிக்கொள்ளும். ஆனாலும் கருங்கல் பட்டியோ இரும்புப் பட்டையோ ஒன்றை மேலே வைப்பேன், இரண்டு பக்கமும் 4 அங்குலம் சுவரில் உட்கார வேண்டும். புகைபோக்கியின் அகலத்தில் பாதிக்கு மேல் எடுக்காதீர்கள். செங்கல் இல்லாமல் மண் காரையில் அடுக்கிய கருங்கல் சுவர் என்றால், ஒரு கல்லை உருவினால் மூன்று கல் வரும். அந்த வீட்டுக்கு இந்த வேலையை யாரும் வெளியிலிருந்து யோசனை சொல்லிச் செய்ய முடியாது, நேரில் பார்க்கத்தான் வேண்டும்.

கலவையில்தான் எனக்கும் மேஸ்திரிகளுக்கும் வழக்கமாகத் தகராறு. சிமெண்டை நிறையப் போட்டால் உறுதி என்பது அவர்கள் கணக்கு. வெறும் சிமெண்ட் கலவை பழைய செங்கல்லைவிடக் கெட்டி. சூட்டில் செங்கல் விரியும், இரும்பு விரியும், சிமெண்ட் விட்டுக்கொடுக்காது, விரிசல் விடும். ஓர் அடி இரும்புச் சட்டம் 300 டிகிரி சூடேறினால் ஒரு மில்லிமீட்டர் நீளும். அது போக இடம் வேண்டாமா? சட்டத்தைச் சுற்றி 3 மில்லிமீட்டர் விட்டு அதில் கண்ணாடிநார்க் கயிறைத் திணித்து, கிளாம்பு பதியும் இடங்களை மட்டும் கலவையால் பிடித்துவிடுங்கள். கலவைக்கு ஒரு பங்கு சுண்ணாம்பு, மூன்று பங்கு மணல், அந்த மணலில் கொஞ்சத்தைக் குறைத்துச் செங்கல் தூள். புகைவழியின் உட்பக்க ஓரங்களுக்குச் சூளைக்காரர்கள் பயன்படுத்தும் ஃபயர் கிளே, அதாவது சூடு தாங்கும் களிமண். திட்டின் மேல்பரப்பைக் கதவை நோக்கிச் சற்றுச் சரிவாக, வழவழப்பாகப் பூசிவிட்டால் பின்னால் அள்ளுவது சுலபம். ஒரு வாரம் ஈரச்சாக்கு போட்டுக் காயவிட்டு, அதற்குப் பிறகு முதல் மூன்று நாளும் சின்னதாக மட்டும் நெருப்பு.

வேலையில் கடைசியாக வருவதும் முக்கியமானதும் சோதனைதான். என் முதல் கதவு கோத்தகிரியில் ஒரு விருந்தினர் விடுதியில் வைத்தது. பார்க்க அழகாக இருந்தது. இரண்டு வாரத்தில் உரிமையாளர் கூப்பிட்டார், அடுப்பு பிடிக்கவே மாட்டேன் என்கிறது, புகை திரும்புகிறது என்றார். விறகு ஈரம் என்றேன். காய்ந்த விறகு வாங்கிப் போட்டும் அதே கதை. புகைபோக்கி மேலே அடைத்திருக்கும் என்று ஆளை ஏற்றினேன். ஒன்றுமில்லை. கடைசியில் ஒரு ஊதுபத்தியைப் பற்றவைத்துக் கதவின் ஓரமாகக் கொண்டுபோனேன். புகை நூல் பிடித்த மாதிரி உள்ளே இழுத்துக்கொண்டு போனது. கீழ் ஓரம் முழுக்க ஒரு நாணயம் நுழையும் இடைவெளி. நான் போட்ட கொண்டி மேல் ஓரத்தை மட்டும்தான் அழுத்திக்கொண்டிருந்தது. அந்த இரண்டு வாரம் அவர் விருந்தினர்கள் இருமியதற்கு நான்தான் காரணம்.

இவ்வளவு சின்ன இடைவெளி ஏன் இவ்வளவு கெடுக்கிறது? புகைபோக்கி எதையும் தள்ளுவதில்லை. உள்ளே சூடான காற்று லேசாக இருப்பதால் மேலே ஏறுகிறது, அதன் இடத்துக்குக் கீழிருந்து காற்று வருகிறது, அவ்வளவுதான். குன்னூர் உயரத்தில், வெளியே 12 டிகிரி, உள்ளே புகை 150 டிகிரி, புகைபோக்கி 20 அடி என்று வைத்துக் கணக்குப் போட்டால், மொத்த இழுவை 2 மில்லிமீட்டர் தண்ணீரின் அழுத்தம்கூட இல்லை. ஸ்ட்ராவில் உறிஞ்சினால் தண்ணீர் 2 மில்லிமீட்டர் ஏறுகிற அளவு. அடுப்பின் வழியாக வர வேண்டிய காற்று, கதவின் இடைவெளி வழியாகச் சுலபமாக வந்துவிட்டால் அடுப்புக்கு என்ன மிச்சம்? வந்த காற்று குளிர்ந்தது வேறு, புகையையும் குளிர வைக்கும், தாரும் படியும். உள்ளே தீப்பிடித்துவிட்டாலோ அதே இடைவெளி துருத்தி ஊதுகிற மாதிரி ஊதும். மூடியிருக்கும்போது அந்தக் கதவு சுவராகவே இருக்க வேண்டும்.

அதனால் நெருப்பு நன்றாகப் பிடித்த பிறகு ஊதுபத்தியோடு நாலு ஓரமும் சுற்றுங்கள், சட்டத்துக்கும் சுவருக்கும் நடுவே உள்ள இணைப்பையும் சேர்த்து. புகை அசையாமல் நேராக ஏறினால் சரி. ஒரு இடத்தில் உள்ளே சாய்ந்தால் நட்டை இறுக்குங்கள், கயிற்றை மாற்றுங்கள், தேவையானால் கலவையைச் சரிசெய்யுங்கள். ஒவ்வொரு குளிர்காலத் தொடக்கத்திலும் இதையே செய்யலாம், இரண்டு நிமிட வேலை.

சுத்தம் செய்வது வருஷத்துக்கு ஒரு முறை, குளிர் தொடங்குவதற்கு முன். நடுவிலும் கதவைத் திறந்து டார்ச் அடித்துப் பாருங்கள். சுவரில் படிவு 3 மில்லிமீட்டரைத் தொட்டால் காத்திருக்க வேண்டாம். மேலிருந்து துடைக்கும்போது கீழ்க்கதவு மூடியே இருக்கட்டும், முடித்து, அடங்கிய பிறகு திறந்து அள்ளுங்கள். அள்ளியதை மூடி போட்ட தகர வாளியில் போட்டு வெளியே வையுங்கள். பிளாஸ்டிக் பையில் போடாதீர்கள். அணைந்த மாதிரி இருக்கும் கனல் சாம்பலுக்குள் இரண்டு மூன்று நாள் உயிரோடு இருக்கும்.

ஒன்றை முன்பே கேட்டிருக்க வேண்டும். இந்தப் புகைபோக்கிக்குள் துருப்பிடிக்காத எஃகுக் குழாய் உறை இறக்கும் எண்ணம் இருக்கிறதா? பழைய காலத்து வழிகளில் உறை கிடையாது, உள்பூச்சு சுண்ணாம்பும் மணலும்தான். இங்கிலாந்தில் அதோடு மாட்டுச்சாணத்தையும் சேர்த்துப் பூசினார்கள். இந்தப் பூச்சு உதிர்ந்து, வேறு அறைச் சுவரில் பழுப்புக் கறையோ புகை வாசனையோ தெரிந்தால் உறை அவசியம். அப்படியென்றால் கதவை இப்போது வைக்காதீர்கள். உறையின் அடியில் டி-வடிவ இணைப்பும், அதற்குக் கீழ் கழற்றும் மூடியும் வரும். அந்த மூடி எங்கே நிற்கிறதோ அங்கேதான் கதவு வர வேண்டும். வரிசை மாறினால் இரண்டு ஓட்டை போட வேண்டியிருக்கும்.

நாமே செய்யலாமா என்று கேட்டிருந்தீர்கள். வீடியோ எடுப்பது, நூல் இறக்குவது, அளப்பது, பட்டறையில் நின்று கதவு செய்து வாங்குவது, ஊதுபத்திச் சோதனை எல்லாம் நீங்களே செய்யலாம், செய்யவும் வேண்டும். செங்கல்லைப் பிரிப்பதற்கு மட்டும் பழைய சுண்ணாம்புச் சுவரில் கை வைத்துப் பழகிய மேஸ்திரியைக் கூப்பிடுங்கள். ஒரு நாள் வேலைதான். வருவதற்கு முதல் நாளே சுண்ணாம்பு, செங்கல் தூள், ஃபயர் கிளே மூன்றையும் வாங்கி வாசலில் வைத்துவிடுங்கள். சிமெண்ட் மூட்டை கண்ணில் படாமல் இருந்தால் பாதித் தகராறு குறையும்.